வினாவுக்கும் வெள்ளோட்டம் வேண்டும்

புதிதாகச் செய்த தேரை எவ்வூராரும் திருவிழா நாளன்றே முதன்முதல் வீதிக்குக் கொணர்வதில்லை. விழாவுக்குச் சில நாள் முன்னரே வெள்ளோட்டம் விடுகின்றனர். அச்சுத் தாங்குகிறதா, சக்கரம் நேரே உருள்கிறதா, வடம் இழுவைக்கு நிற்கிறதா, வீதி முனைகளில் தேர் தடையின்றித் திரும்புகிறதா என்று தச்சரும் ஊர்ப் பெரியோரும் உடன் நடந்து பார்க்கின்றனர். குறை கண்டவிடத்துச் சீர்செய்த பின்னரே ஊர் கூடித் தேர் இழுக்கிறது. படகு கட்டுவோர் வழக்கமும் இதுவே. மரத்தாற் செய்த தேருக்கும் படகுக்கும் காட்டுகின்ற இவ்வெச்சரிக்கையைச் சொல்லாற் செய்த வினாவுக்கு நாம் காட்டுவதில்லை. இதுவே இக்கட்டுரையில் யாம் எடுத்துரைக்க வந்த குறை.

இக்காலத்தில் பொருளியல், வணிகவியல், சமூகப்பணி, உளவியல் முதலிய துறைகளிற் பயிலும் மாணவர் பலர் பட்டம் பெறுமுன் கள ஆய்வு ஒன்று செய்து ஆய்வேடு அளிக்கின்றனர். இது நல்ல முறையே. நூலிற் படித்ததை நாட்டிற் காண்பதற்கு இதனினும் சிறந்த வாயில் இல்லை. ஆயினும் நடப்பது யாது? தலைப்பு முடிவான அன்று மாலையே நாற்பது வினாக்கள் எழுந்துவிடுகின்றன. பாதி, முன்னோர் ஆய்வேடுகளினின்று பெயர்த்தவை. மீதி, விடுதி அறையில் நண்பர் கூடி ஆக்கியவை. அவற்றைக் கூகிள் படிவத்தில் ஏற்றிக் கைபேசி வழியே அனுப்புகின்றனர். ஒரு வாரத்தில் நூறு விடைகள் வந்து சேர்கின்றன. அட்டவணை, விழுக்காடு, வட்டப்படம் அனைத்தையும் கணிப்பொறி நொடியிற் செய்து தருகிறது. ஆய்வேடு அழகாகக் கட்டப்படுகிறது. அந்நூற்றுவரும் ஒரே வினாவைத்தான் வினாவாகக் கொண்டார்களா என்று கேட்பார் மட்டும் இலர். முடிவு எதிர்பார்த்தபடி அமையாவிடின், ‘விடையளித்தோர் உண்மையை மறைத்தனர்’ என்றும், ‘போதிய விழிப்புணர்வு அற்றவர்’ என்றும் கடைசி அதிகாரத்தில் எழுதிவிடுகின்றனர். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்ற கதை இதுவன்றோ?

இக்குற்றத்துக்கு யாம் புறம்பானவர் அல்லேம். மாணவராயிருந்த நாளில், திருநெல்வேலிச் சீமையிலே ஒரு சிற்றூரில், மகளிர் தொழிலும் வருவாயும் பற்றிக் கணக்கெடுக்கச் சென்ற குழுவில் யாமும் ஒருவராயிருந்தோம். எம் கையிலிருந்த தாளில் மூன்றாம் வினா, ‘நீங்கள் வேலை செய்கிறீர்களா? ஆம் / இல்லை’ என்பது. ஒரு வீட்டுத் திண்ணையில் நடுத்தர வயதுடைய பெண்மணி ஒருவர் சுளகை மடியில் வைத்துப் பீடி சுற்றிக்கொண்டிருந்தார். “அக்கா, நீங்கள் வேலை ஏதேனும் செய்கிறீர்களா?” என்றோம். “வேலையா? அதெல்லாம் ஒண்ணும் இல்லய்யா. வீட்டுல சும்மாதான் இருக்கேன்” என்றார். சொல்லும்போதே அவர் விரல்கள் இலையில் தூளை வைத்துச் சுருட்டி, நுனியை மடக்கி, நூல் கட்டி ஒரு பீடியை முடித்துவிட்டன. யாமோ குனிந்த தலை நிமிராமல் ‘இல்லை’ என்ற கட்டத்தில் குறியிட்டோம். அத்தெருவில் வீட்டுக்கு வீடு அக்குறியே விழுந்தது. மாலையில் பேருந்துக்குக் காத்து நின்றபோது, அன்று பகல் யாம் வேலையற்றோர் என்று குறித்த பெண்டிர் பலரும் சுற்றிய பீடிகளைக் கூடையில் எடுத்துக்கொண்டு பீடிக் கடைக்குச் செல்வதைக் கண்டோம். உடன் நின்ற நண்பர் கையிலிருந்த தாள்களைப் பார்த்தார், எம்மைப் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை.

மறுநாள் அதே திண்ணைக்குச் சென்று வினாவை மாற்றிக் கேட்டோம். “அக்கா, நேற்று விடிந்ததிலிருந்து படுக்கும் வரையில் என்னென்ன செய்தீர்கள்?” என்றதும், தண்ணீர் பிடித்தது, சோறு பொங்கியது, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பியது, 600 பீடி சுற்றியது, கடையிற் கொடுத்துக் கணக்கு எழுதி வந்தது ஆகிய அனைத்தையும் ஒன்று விடாமற் சொன்னார். முதல் நாள் அவர் பொய் சொன்னாரல்லர். ‘வேலை’ என்னும் சொல்லுக்கு அவர் வழக்கில், வீட்டை விட்டுச் சென்று கூலி வாங்குவதே பொருள். எம் வழக்கில் வேறு பொருள். இரண்டையும் ஒப்பிட்டுப் பாராமல் வினாத் தொடுத்தது எம் பிழையே. அவ்வினாவை முன்னதாக நான்கு பேரிடம் கேட்டுப் பார்த்திருந்தால் ஒரு நாள் உழைப்பு வீணாகியிராது. எம் மேலிருந்த அவர்கள் நம்பிக்கையும் குறைந்திராது.

ஒரு சிற்றூரில் நேர்ந்த சிறு பிழை என்று இதனைத் தள்ளிவிடலாகாது. இப்பிழை ஒரு நாட்டின் அளவிலும் நேர்ந்துள்ளது. 1961ஆம் ஆண்டின் இந்திய மக்கட்தொகைக் கணக்கெடுப்பில், பயிர்த்தொழில் போன்ற பருவத்தொழில்களில் பருவத்தின் பெரும்பகுதி நாளொன்றுக்கு ஒரு மணி நேரத்துக்குமேல் ஒழுங்காக வேலை செய்தவரையும் உழைப்பாளர் எனக் கொண்டனர். 1971இல் வினாவின் நோக்கு மாறிற்று. ஒவ்வொருவருக்கும் முதன்மையான செயல் யாது என்பதே கேட்கப்பட்டது. வயலிலும் மாட்டுத்தொழுவத்திலும் உழைத்த பெண்ணுக்கும் முதன்மைச் செயல் வீட்டுவேலை என்றே விடை வந்தது. 1961இல் 6 கோடியை அணுகியிருந்த பெண் உழைப்பாளர் தொகை, 1971இல் 3 கோடியைச் சற்றே கடந்த அளவில் நின்றது. பத்தாண்டில் பாதிப் பெண்கள் உழைப்பை விட்டு வீட்டிலே அமர்ந்துவிடவில்லை. மாறியது பெரும்பாலும் வினா. பின்னர் 1991ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில், சொந்த நிலத்திலோ குடும்பத்தொழிலிலோ கூலியின்றிச் செய்யும் வேலையும் வேலையே என்பதை வினாவினுள்ளேயே சேர்த்து அச்சிட்டனர். ஒரு சிறு தொடர் சேர்ந்தது. எண்ணப்படாதார் எண்ணப்படுதற்கு வழி பிறந்தது. வினாவில் இல்லாதவர் கணக்கில் இல்லை. கணக்கில் இல்லாதவர் திட்டத்தில் இல்லை. வினாவின் சொல்லமைப்பை இலக்கணத் தகராறு என்று எண்ணுவோர் இதனைச் சிந்திப்பாராக.

சொல் ஒன்று மாறினும் விடை மாறும் என்பதற்கு அமெரிக்க நாட்டில் 1940ஆம் ஆண்டளவில் நிகழ்ந்த ஒரு சோதனை சான்றாகும். டொனால்டு ரக் என்பார் அதனை 1941இல் வெளியிட்டார். ஒத்த தன்மையுடைய இரு கூட்டத்தாரில் ஒரு கூட்டத்தாரிடம், ஜனநாயகத்துக்கு எதிரான பொதுச் சொற்பொழிவுகளை அமெரிக்கா அனுமதிக்க வேண்டுமா என்று வினவினர். மற்றொரு கூட்டத்தாரிடம், அத்தகைய சொற்பொழிவுகளைத் தடைசெய்ய வேண்டுமா என்று வினவினர். அனுமதியாமையும் தடைசெய்தலும் ஒன்றே என்று தருக்கநூல் சொல்லும். ஆனால், அனுமதிக்க வேண்டா என்றோர் 100க்கு 62 பேர். தடைசெய்க என்றோர் 100க்கு 46 பேரே. ‘தடை’ என்னும் சொல்லின் கடுமை சிலரைப் பின்வாங்கச் செய்தது. இவ்விரண்டில் ஒன்றை மட்டுமே கேட்டிருப்பின், அதுவே அந்நாட்டு மக்களின் கருத்து என்று முழங்கியிருப்பர்.

வினாவின் உள்ளே மட்டுமன்று, அதன் அண்டை வீட்டிலும் இடர் உண்டு. 1948இல் அந்நாட்டிலேயே, பொதுவுடைமைக் கொள்கையுடைய பிறநாட்டுச் செய்தியாளர் அமெரிக்காவுக்குள் வந்து தாம் கண்டவாறு தம் இதழ்களுக்கு எழுதி அனுப்ப விடலாமா என்று கேட்டபோது, விடலாம் என்றோர் 100க்கு 36 பேர். அமெரிக்கச் செய்தியாளரை ருசியா அவ்வாறு விட வேண்டுமா என்னும் வினாவை முன்னதாக வைத்துப் பின்னர் இதனைக் கேட்டபோதோ 100க்கு 73 பேர் இசைந்தனர். நமக்கு வேண்டுவதைப் பிறர்க்கு மறுப்பது நேர்மையன்று என்ற எண்ணம், முன்வினாவால் உள்ளத்தில் எழுந்துவிட்டது. வினாக்களின் வரிசையும் ஒரு வினாவே என்று இதனால் அறிக.

எதிர்மறை இரண்டு சேர்ந்தால் நேரும் கேட்டுக்கும் ஓர் எடுத்துக்காட்டுக் கூறுவோம். நாத்சிகள் யூதரைப் படுகொலை செய்தது வரலாற்று உண்மை. 1992இல் ரோப்பர் நிறுவனத்தார், அப்படுகொலை நடக்கவேயில்லை என்பது நடந்திருக்கக்கூடியதாகத் தோன்றுகிறதா, நடந்திருக்கக்கூடாததாகத் தோன்றுகிறதா என்ற பொருள்பட அமெரிக்க மக்களை வினவினர். ‘கூடியதே’ என்றோர் 100க்கு 22 பேர். நாடெங்கும் திகைப்பு எழுந்தது. 1994இல் வினாவைத் தெளிவாக்கி மீண்டும் கேட்டபோது, படுகொலையை ஐயுற்றோர் 100க்கு ஏறத்தாழ ஒருவரே. முதல் வினாவைப் படிக்கும்போதே நம் அறிவு இடறுகிறதன்றோ? அதனை நான்கு பேரிடம் உரக்கப் படித்துக் காட்டியிருந்தாலும் அவ்விடறல் புலப்பட்டிருக்கும். பெயர் பெற்ற நிறுவனத்தாரே இடறிய இடத்தில், ஒரு மாலைப்பொழுதில் நாற்பது வினா எழுதும் நாம் இடறாமல் நடப்போமா?

மனத்தைத் திருப்பும் வினா பற்றி மிஷன் கல்லூரியிற் பயில்வோர்க்கு நெடிது கூற வேண்டுவதில்லை. வேதாகமத்தில் முதன்முதலாகக் காணும் வினா, ஏதேன் தோட்டத்தில் சர்ப்பம் கேட்ட வினாவே. கடவுள் விலக்கியது ஒரு மரம். சர்ப்பமோ எல்லா மரங்களும் விலக்கப்பட்டன போலும் என்னும் பொருள்பட வினவிற்று. வினாவைத் திருத்தப் புகுந்த ஏவாள் அதனோடு உரையாடத் தொடங்கினாள்; பின் நடந்தது யாவரும் அறிந்ததே. ‘மதுவால் குடும்பங்கள் சீரழிவதை அறிந்த நீங்கள் மதுவிலக்கை ஆதரிக்கிறீர்களா?’ என்று கேட்கும் நம் மாணவரின் நோக்கம் தூயதே. ஆனால் அவ்வினா, விடையை வாயில் ஊட்டிவிட்டுப் பசியாறினாயா என்று கேட்பதை ஒக்கும். மதுவிலக்கை விரும்புவோர்க்கும் அவ்விடையாற் பயனில்லை. எதிர்ப்போர் அதனை ஒரு சொல்லால் தள்ளிவிடுவர். நற்காரியத்துக்காகவேனும் வளைந்த கோலால் அளத்தல் தகாது.

இனி, நம் தமிழுக்கே உரிய சில இடர்களை எண்ணுவோம். இவையே எம் உள்ளத்துக்கு மிக அணுக்கமானவை.

நம் மாணவர் பெரும்பாலும் வினாவை ஆங்கிலத்தில் ஆக்கிப் பின்னர்த் தமிழிற் பெயர்க்கின்றனர். ரென்சிஸ் லைக்கர்ட் என்னும் அறிஞர் 1932இல் வகுத்த ஐந்து படி அளவுகோலை அறியாத ஆய்வு மாணவர் இலர். அதன் முதற்படியை ‘வலுவாக ஒப்புக்கொள்கிறேன்’ என்று அச்சிடுகின்றனர். தமிழ் பேசும் எவரேனும் தம் வாழ்நாளில் ஒரு முறையேனும் அவ்வாறு சொன்னதுண்டா? ‘நூற்றுக்கு நூறு சரி’ என்போம். ‘ஓரளவு சரி’ என்போம். ‘அப்படிச் சொல்ல முடியாது’ என்போம். ‘சுத்தப் பொய்’ என்போம். மக்கள் வாயில் ஏற்கெனவே படிகள் உள்ளன. அவற்றைக் கேட்டறிந்து வரிசைப்படுத்துவதை விட்டு, பிற மொழியின் படிக்கட்டைப் பெயர்த்து வந்து நம் வீட்டு வாயிலில் நட்டால், ஏறுவோர் தடுக்கி விழுவதில் வியப்பென்ன?

அடுத்து, எழுதும் தமிழ் வேறு, பேசும் தமிழ் வேறு. ‘தங்கள் குடும்பத்தின் சராசரி மாத வருவாய் யாது?’ என்று தாளில் உள்ளது. களத்தில் அதனை அப்படியே எவரும் கேட்பதில்லை. ஒருவர் ‘மாசம் எவ்வளவு சம்பாதிக்கீங்க?’ என்கிறார், மற்றொருவர் ‘வீட்டுக்கு எவ்வளவு வருது?’ என்கிறார், மூன்றாமவர் ‘கைக்கு எவ்வளவு நிக்கும்?’ என்கிறார். முதல் வினா ஒருவரின் ஈட்டத்தையும், இரண்டாவது வீட்டாரின் வரவையும், மூன்றாவது செலவு போன மீதியையும் கேட்கின்றன. தாளில் ஒரு வினா. களத்தில் மூன்று வினா. அட்டவணையிலோ மீண்டும் ஒரே நிரல்! மேலும், நடவுக்கும் அறுப்புக்கும் காசு காணும் உழவுத் தொழிலாளிக்கு மாதம் என்பது வருவாயின் அலகே அன்று. நாட்கூலி, கிடைத்த நாட்கள், நெல்லாகப் பெற்றது, கடனாக வாங்கியது எனப் பிரித்துக் கேட்டு, கூட்டும் வேலையை ஆய்வாளரே செய்துகொள்ளல் வேண்டும். ஆதலின், வாயாற் கேட்கப்படும் வினாவைப் பேசும் தமிழிலேயே, அவ்வூரார் சொல்லிலேயே, தாளில் எழுதிவிடுதல் நலம். அது தமிழுக்கு இழுக்கு என்று அஞ்ச வேண்டா. ஆய்வேட்டின் தமிழ் செந்தமிழாக இருக்கட்டும். திண்ணையில் கேட்கும் வினா திண்ணைத் தமிழாகவே இருக்கட்டும்.

‘குடும்பம்’ என்னும் சொல்லும் இத்தகையதே. மணம் முடித்துத் தனியே வாழும் மகனையும் சேர்த்துச் சொல்வார் உளர். ஒரே கூரையின் கீழ் இருந்தும் தனியே பொங்கும் தம்பியை விலக்குவார் உளர். மக்கட்தொகைக் கணக்கெடுப்பார் ஒரே சமையலில் உண்போரைக் கொண்டே குடும்பத்தை வரையறுப்பது இதனாலேயே. ‘ஓர் அடுப்பில் எத்தனை பேருக்குச் சோறு?’ என்றால் ஐயத்துக்கு இடம் குறைகிறது. வயது கேட்பதிலும் இவ்வாறே. முதியோர் பலர் ஐம்பது, அறுபது, அறுபத்தைந்து என்று முழு எண்ணாகவே சொல்வர். 0, 5 ஆகியவற்றில் முடியும் வயதுகள் நம் கணக்கெடுப்புகளில் குவிந்து கிடப்பதைப் புள்ளியியலார் நன்கறிவர். 1964இல் தனுஷ்கோடியை அழித்த புயலின்போது எத்தனை வயதுப் பிள்ளையாயிருந்தீர்கள் என்று கடற்கரை ஊரிற் கேட்டால் நினைவு ஒரு முளையைப் பற்றிக்கொள்கிறது.

நினைவின் அளவு பற்றி நம் நாட்டிலேயே நிகழ்ந்த பெரும் சோதனை ஒன்றுண்டு. 1950இல் தொடங்கிய தேசிய மாதிரி ஆய்வில், குடும்பங்கள் கடந்த 30 நாளில் உணவுக்குச் செலவிட்டதைக் கேட்பது நெடுநாள் வழக்கம். 1990களின் இடையில் சில சுற்றுகளில், குடும்பங்களை இரு பகுதியாக்கி, ஒரு பகுதியாரிடம் 30 நாட்கணக்கும் மறுபகுதியாரிடம் 7 நாட்கணக்கும் கேட்டுப் பார்த்தனர். 7 நாள் என்றபோது நினைவில் வந்த உணவு மிகுந்தது. அக்கணக்கின்படி வறியோர் தொகை ஏறத்தாழப் பாதியாகச் சுருங்கிற்று. பசித்தவன் பசி தீரவில்லை. கணக்கில் மட்டும் தீர்ந்தது. இதுவரை நடந்தது முறையான வெள்ளோட்டமே. ஆனால் 1999–2000ஆம் ஆண்டுச் சுற்றில் ஒரே குடும்பத்தாரிடம், ஒரே தாளில், இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டனர். ஒரு விடை மற்றொன்றை இழுத்தது. இந்தியாவில் வறுமை எவ்வளவு குறைந்தது என்பது பற்றிப் பொருளியலார் அதன்பின் ஆண்டுக்கணக்கில் வாதிட நேர்ந்தது. தனித்தனியே சோதித்ததைச் சேர்த்து வைக்கும்போது மீண்டும் சோதிக்க வேண்டும் என்பதே இதில் நாம் கற்கும் பாடம்.

இவற்றோடு நம்மவரின் உபசாரமும் சேர்கிறது. கல்லூரியிலிருந்து வெயிலில் வந்த பிள்ளைகளை ‘இல்லை’ என்று சொல்லி அனுப்ப நம் ஊர்த் தாய்மார்க்கு மனம் வருவதில்லை. ‘ஆமா, ஆமா’ என்று தலையசைத்து, மோர் கொடுத்து வழியனுப்புவர். அத்தலையசைப்பை இசைவு என்று எழுதிக்கொள்கிறோம். இதனை அறியும் உபாயம் எளிது. ‘அரசுப் பள்ளியில் நன்றாகக் கற்பிக்கின்றனர்’ என்ற கூற்றுக்கு ஆம் என்றவர்களிடம், சில வினாக்களுக்குப் பின், ‘அரசுப் பள்ளியில் கற்பிப்பது போதாது’ என்ற கூற்றையும் வைத்துப் பாருங்கள். இரண்டுக்கும் ஆம் என்றால், விடை பள்ளியைப் பற்றியதன்று, நம்மைப் பற்றியது.

இனி, வெள்ளோட்டம் விடுவது எவ்வாறு? முதலாவதாக, விடை வருமுன்னரே அட்டவணையை வரைதல் வேண்டும். எந்த வினாவின் விடை எந்த அட்டவணையில் எந்த நிரலில் அமரும் என்று காட்ட இயலாதோ, அவ்வினா வேண்டாதது. இவ்வொரு முறையால் நாற்பது வினா இருபதாகும். இரண்டாவதாக, எஞ்சியவற்றை உரக்கப் படித்தல் வேண்டும். மூச்சு முட்டும் வினாவும், ‘நூலகமும் உணவகமும் திருப்தியாக உள்ளனவா?’ என்பது போல ஒரு வாயில் இரு பொருள் கேட்கும் வினாவும் அங்கேயே பிடிபடும். மூன்றாவதாக, ஆய்வுக்கு உரிய மக்களை ஒத்த பத்துப் பேரிடம் நேரிற் செல்லுதல் வேண்டும். விடுதி நண்பரிடம் சோதிப்பது சோதனையாகாது. வினாவை எழுதிய அதே உள்ளமன்றோ அங்கும் விடை சொல்கிறது? மீனவரைப் பற்றிய வினாவை மீனவரிடமும், மூதாட்டியரைப் பற்றிய வினாவை மூதாட்டியரிடமுமே சோதித்தல் வேண்டும். நான்காவதாக, விடையை மட்டும் கேளாது, ‘நான் என்ன கேட்டேன் என்று உங்கள் வாயால் சொல்லுங்கள்’ எனவும், ‘இந்த விடையை எப்படிக் கணக்குப் போட்டுச் சொன்னீர்கள்?’ எனவும் பணிவுடன் கேட்டல் வேண்டும். அவர் எங்கே தயங்கினார், எங்கே சிரித்தார், எங்கே முகம் வாடினார் என்பதை ஓரத்திற் குறித்தல் வேண்டும். கடன், சாதி, நோய் முதலியன கேட்குமிடத்து முகம் வாடுமாயின், அவ்வினா தேவைதானா என்றும், தேவையாயின் கடைசியில் வைக்கலாகாதா என்றும் எண்ணுதல் வேண்டும். ஐந்தாவதாக, திருத்திய வினாக்களை வேறு பத்துப் பேரிடம் மீண்டும் ஓட்டிப் பார்த்தல் வேண்டும். திருத்தமே புதிய பிழையைத் தருவதும் உண்டு.

இங்கே ஒரு தடை எழும். ‘முன்னோட்ட ஆய்வு என்று யாங்களும் செய்கிறோமே; க்ரான்பாக் ஆல்பா 0.7ஐக் கடந்துவிட்டது என்று ஆய்வேட்டில் எழுதியுள்ளோமே’ என்பர். லீ க்ரான்பாக் 1951இல் எடுத்துரைத்த அவ்வெண் பயனுடையதே. ஆயினும் ஒரு தொகுதியிலுள்ள வினாக்களின் விடைகள் எவ்வளவு இணங்கி நடக்கின்றன என்பதையே அது காட்டும். வினா விளங்கிற்றா என்பதைக் காட்டாது. விளங்காத வினாக்களுக்குச் சலிப்புற்ற சிலர் முதற்கட்டத்திலேயே கோடு போல இறங்கிக் குறியிட, வேறு சிலர் மூன்றாம் கட்டத்திலேயே இறங்கினால் ஆல்பா மிக உயர்ந்து நிற்கும்! எல்லாரும் ஒரே பக்கம் சாய்வதால் மட்டும் தேர் நேரே ஓடுகிறது என்று சொல்லலாமா?

மேலைநாட்டுப் பல்கலைக்கழகத்தார் சோதித்துத் தந்த அளவுகோல் இருக்க நாம் ஏன் மீண்டும் சோதிக்க வேண்டும் என்பார் சிலர். அவர்கள் சோதித்தது அவர்கள் மக்களிடம், அவர்கள் மொழியில். ஒருவருக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை நற்சட்டையே எனினும், நாம் அணியுமுன் ஒரு முறை போட்டுப் பார்ப்பதில்லையா? பத்துப் பேரிடம் கேட்பதால் என்ன தெரிந்துவிடும் என்பார் வேறு சிலர். பானை ஓட்டை என்று அறிய ஒரு செம்பு நீர் போதும். கிணற்று நீரையெல்லாம் ஊற்றிப் பார்க்க வேண்டுவதில்லை. காலம் இல்லையே என்பார்க்கு யாம் சொல்வது: வெள்ளோட்டத்துக்கு வேண்டுவது நான்கு நாட்கள், பிழைபட்ட நூறு தாள்களைக் கட்டிக்கொண்டு அழுவதற்கு வேண்டுவது நாற்பது நாட்கள்.

நம் நாட்டுக் கல்லூரி மாணவர்க்கு இத்துறையில் நல்ல பழமை உண்டு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் இந்தியப் பொருளியற் பேராசிரியரான கில்பர்ட் சிலேட்டர், வினாப்பட்டியல் ஒன்றை வகுத்துத் தந்து, தம் மாணவரை அவரவர் ஊர்களை ஆராய்ந்து எழுதச் செய்தார். அதன் பயனாக எழுந்த நூல் 1918இல் வெளிவந்தது. இருவேல்பட்டு, தூசி, பாலக்குறிச்சி, கங்கைகொண்டான், வடமலைபுரம் முதலிய ஊர்கள் அதில் இடம் பெற்றன. அவ்வூர்களைப் பின்வந்தோர் மீண்டும் ஆராய்ந்தனர், பி. ஜே. தாமஸ், கே. சி. இராமகிருஷ்ணன் ஆகியோர் தொகுத்த மறு ஆய்வு 1940இல் நூலாயிற்று. அதற்குப் பின்னும் பல தலைமுறை ஆராய்ச்சியாளர் அவ்வூர்களை நாடிச் சென்றுள்ளனர். அன்று சொந்த ஊருக்குச் சென்ற மாணவர், ஊராரின் சொல்லையும் குறிப்பையும் அறிந்தவர். இன்று நாம் எடுக்கும் கணக்கும் ஒரு நாள் பின்வருவோர் கையில் ஒப்பிடும் கோலாகலாம். பிழைபட்ட வினாவைத் திருத்தினால் பழைய விடையோடு ஒப்பிட இயலாது. திருத்தாவிடில் பிழை தலைமுறைதோறும் தொடரும். ஆகையால் திருத்தத்துக்கு ஏற்ற காலம் முதல் தாள் அச்சேறுமுன் உள்ள காலமே.

நம் துறைத்தலைவர்களிடமும் ஆசிரியர்களிடமும் யாம் மூன்று வேண்டுகோள் விடுக்கின்றோம். தமிழரிடம் கேட்கப்படும் வினாப்பட்டியல் முதலிலேயே தமிழில் ஆக்கப்படுவதாக. ஆங்கிலம் வேண்டுமாயின் பின்னர்ப் பெயர்த்துக்கொள்ளலாம். வெள்ளோட்டத்துக்கு முந்திய வினாக்களும், பிந்திய வினாக்களும், மாற்றியதன் காரணமும் ஆய்வேட்டின் பின்னிணைப்பில் அமைவதாக. அப்பகுதிக்கு மதிப்பெண்ணும் வழங்கப்படுவதாக. பிழை கண்டு திருத்திய மாணவரைப் பிழை செய்தவர் என்று குறைக்காமல், கண்டதற்காகப் பாராட்டும் வழக்கம் வந்தாலன்றி எவரும் தம் பிழையைத் தேடமாட்டார்.

மாணவ நண்பர்களே! ஒரு தொழிலாளி தம் மாலைப்பொழுதில் அரைமணி நேரத்தை நமக்குத் தருகிறார். அதற்கு ஈடாக நாம் ஒன்றும் தருவதில்லை. நாம் அவர்க்குக் காட்டக்கூடிய மரியாதை ஒன்றே: அவர்க்கு விளங்கும் வினாவைக் கேட்பது, அவர் சொன்னதை அவர் சொன்ன பொருளிலே எழுதுவது. அத்திண்ணையில் அமர்ந்திருந்த பெண்மணி ‘சும்மாதான் இருக்கேன்’ என்றபோது, யாம் தாளை விட்டு ஒரு கணம் கண்ணெடுத்து அவர் கைகளைப் பார்த்திருக்கலாம். இனிச் செல்லும் நீங்கள் பார்ப்பீர்களாக.